வெட்டும் கை யாருடையது? – பிக்பாஸ் வீடும் எமது வேலியும்

பிக்பாஸ் பற்றி எழுதப்போகிறேன் என்றபோது இரண்டு விதமான பதில்கள் கிடைத்தன. இலக்கிய நண்பர்கள் "குப்பையைக் கிளறி என்னத்தைக் காணப்போகிறீர்?" என்றார்கள். வேலைத்தலத்து நண்பர்கள் "அதில எழுத என்ன கிடக்கு மாஸ்ரர், பாத்திட்டுப் படுக்கிறதுதானே" என்றார்கள். முதலாமவர்கள் பார்க்காமலே தீர்ப்பு வழங்குபவர்கள் (அவர்களில் இருவராவது ஒளித்துப் பார்க்கிறார்கள் என்பது வேறு விடயம்). இரண்டாமவர்கள் தீர்ப்பே தேவையில்லை என்பவர்கள். இதையும் ஒரு பிரதியாக எடுத்துக்கொண்டு, அது எப்படி இயங்குகிறது, எம்மை என்ன செய்கிறது என்று கேட்பதற்கு எங்களிடையே ஆள் குறைவு. ஒரு நாவலையும் திறக்காமல் வருடத்தைக் கழிக்கும் எம்மவர்கள் இதை நூறு நாட்கள் விடாமல் பார்க்கிறார்கள். விமர்சனம் என்பது எமக்குப் பிடித்த பிரதிகளுக்கு மட்டும் உரியதல்லவே.

இதை இந்தியாவிலிருந்து வந்த சீரழிவு என்று பேசுவோருக்கு ஒரு தகவல். இதன் மூலவடிவம் 1999இல் நெதர்லாந்தில் எண்டமோல் நிறுவனம் உருவாக்கிய 'பிக் பிரதர்'. பிரான்சுக்கு அது 2001 ஏப்ரல் 26இல் 'லொஃப்ற் ஸ்ரோறி' என்ற பெயரில் எம்-6 தொலைக்காட்சி வழியாக வந்தது. இளைஞர்களும் யுவதிகளுமாகப் பதினொரு பேர், 26 கமராக்கள், 50 ஒலிவாங்கிகள். அந்த வீடு அமைக்கப்பட்ட இடம் லா பிளேன் சென்-டெனி. லா சப்பலில் எங்கள் கடைத்தெருவிலிருந்து வடக்கே நடந்து, போர்த் து லா சப்பலைத் தாண்டினால் வரும் இடம். தமிழில் விஜய் தொலைக்காட்சியில் 2017 யூன் 25இல் தொடங்கியபோது கமல்ஹாசன் தொகுத்து வழங்கினார். 30 கமரா, 100 நாள் என்றார்கள். ஏழு பருவங்களின் பின் 2024இல் விஜய் சேதுபதி அந்த இடத்துக்கு வந்தார். இடையில் 2020 யூலையில், எண்டமோலை உள்ளடக்கியிருந்த கூட்டு நிறுவனத்தை பனிஜே என்ற நிறுவனம் வாங்கிக்கொண்டது. பனிஜேயின் தலைமையகம் பாரிஸில் இருக்கிறது. ஆக, சென்னையில் படமாக்கப்பட்டு, கனடாவிலும் யாழ்ப்பாணத்திலும் லா சப்பலிலும் பார்க்கப்படும் இந்த நிகழ்ச்சியின் வடிவ உரிமை எங்கள் மெற்றோ ரிக்கெற் செல்லுபடியாகும் தூரத்தில்தான் இருக்கிறது.

நிகழ்ச்சியை ஆதரிப்போர் அடிக்கடி சொல்லும் வாதம் ஒன்றுண்டு: "முதல் சில நாட்கள்தான் நடிப்பார்கள். பிறகு கமரா இருப்பதையே மறந்துவிடுவார்கள். அப்போது உண்மை முகம் வெளியே வரும்." இந்த வாதத்துக்கு ஃபூக்கோவைத் தூக்கி எறிந்து பதில் சொல்லிவிடலாம், எங்கள் பக்கங்களில் அதற்குப் பஞ்சமில்லை. ஒரு காலத்தில் நானும் பெந்தாமின் சிறைக் கோபுரத்தைக் கரும்பலகையில் வட்டமாக வரைந்து, நடுவில் புள்ளி வைத்து விளக்கியவன்தான். ஆனால் இப்போது எனக்கு அந்த வட்டத்தைவிட நம்பகமான சாட்சி ஒன்றிருக்கிறது. நான் வேலை செய்யும் பொதிசெய்யும் தொழிற்சாலையில், பட்டி ஓடும் இடத்துக்கு நேர்மேலே கமரா இருக்கிறது. பூட்டிய முதல் வாரம் எல்லோரும் அண்ணாந்து பார்த்தோம். மூன்றாம் வாரம் யாரும் பார்க்கவில்லை. மறந்துவிட்டோமா? பெட்டிகளை அடுக்கும்போது வாய்க்குள் பாடிக்கொண்டிருந்த மாலி நாட்டுக்காரர் பாடுவதை நிறுத்தியிருந்தார். நாரி பிடித்தால் ஒரு கணம் நிமிர்ந்து இடுப்பில் கை வைக்கும் பழக்கம் எனக்கு இருந்தது. அந்தக் கை இப்போது எழும்புவதில்லை. தலை மறந்ததைக் கை மறக்கவில்லை. கமராவை மறந்துவிட்ட மனிதனிடமிருந்து வெளிவருவது அவனது உண்மை முகம் அல்ல, கமராவுக்காகப் பழக்கப்பட்ட முகம். அது அவனுக்கே தெரியாமல் பழகியிருக்கிறது என்பதுதான் வித்தியாசம்.

இந்த நாட்டில் வேலைத்தலத்துக் கமராவுக்குச் சட்டம் ஓரளவு எல்லை வகுத்திருக்கிறது. தரவுப் பாதுகாப்புக்குப் பொறுப்பான க்னில் என்ற அரச ஆணையத்தின் நிலைப்பாட்டின்படி, விசேட காரணமில்லாமல் ஒரு தொழிலாளியை அவரது வேலையிடத்தில் இடைவிடாது படம்பிடிக்க முடியாது. ஒன்பது பேர் வேலை செய்த ஒரு சிறிய பாரிஸ் நிறுவனம் இதை மீறியதற்காக 2019 யூனில் அது 20,000 யூரோ தண்டம் விதித்தது. அதே மாதம் 23ஆம் திகதி பிக்பாஸின் மூன்றாம் பருவம் தொடங்கியது. ஒன்று குற்றம், மற்றது கேளிக்கை. உள்ளே போனவர்கள் விரும்பித்தானே போனார்கள், காசும் வாங்குகிறார்களே என்பீர்கள். தொழிற்சாலைக்கும் நான் விரும்பித்தான் போகிறேன், காசும் வாங்குகிறேன்.

இங்கேதான் எம் இலக்கியக்காரர்கள் கவனிக்காத ஒரு தீர்ப்பு முக்கியமாகிறது. ரெ.எஃப்-1 தொலைக்காட்சி ஒளிபரப்பிய 'சபலத் தீவு' என்ற இதே வகை நிகழ்ச்சியில் பங்குபற்றிய சிலர், தாங்கள் செய்தது வேலை என்று வழக்குப் போட்டார்கள். கடற்கரையில் படுத்திருந்ததும் காதலில் சண்டை பிடித்ததும் வேலையா என்று பத்திரிகைகள் சிரித்தன. பிரான்சின் அதியுயர் நீதிமன்றம் 2009 யூன் 3இல் ஆம், வேலைதான் என்றது. எழும்பும் நேரத்தையும் படுக்கும் நேரத்தையும் தயாரிப்பாளர் தீர்மானிக்கிறார்; சில காட்சிகள் மீண்டும் எடுக்கப்படுகின்றன; இடத்தைவிட்டு வெளியேறவோ வெளியாருடன் பேசவோ அனுமதியில்லை; எந்நேரமும் தயாராக இருக்கவேண்டும். இவ்வளவும் இருந்தால் அது ஒருவருக்குக் கீழ்ப்பட்டுச் செய்யும் உழைப்பு என்பது தீர்ப்பின் சாரம். ஒருவரது 'அன்றாட வாழ்க்கை'யைப் பார்க்கிறோம் என்று நம்பி நாம் பார்ப்பது ஒருவர் வேலை செய்வதைத்தான். அவர் அழுவது வேலை, சமைப்பது வேலை, நித்திரை கொள்வதும் வேலை. முன்னதாக 2001இலேயே இங்கு ஒலி ஒளிபரப்புக்கான உயர்சபை தலையிட்டு, லொஃப்ற் வீட்டுக்காரருக்குக் கமரா இல்லாத ஓய்வு நேரம் தினமும் இருக்கவேண்டும் என்று வற்புறுத்தியிருந்தது. அவர்களுக்குக் கிடைத்தது இரண்டு மணி நேரம்.

ஆனால் கமரா எவ்வளவு நேரம் ஓடுகிறது என்பதோடு பிரச்சினை முடிவதில்லை. அது ஓடியதில் எதை யார் வெட்டுகிறார்கள்? இருபத்துநாலு மணி நேரம் இரவில் ஒன்று, ஒன்றரை மணி நேரமாகச் சுருங்கி வருகிறது. 2022 முதல் இணையத்தில் முழுநேரமும் காட்டுகிறார்கள் என்கிறார்கள். அங்கும் எந்தக் கமராவின் படம், எந்த அறையின் சத்தம் என்பதை யாரோ தெரிவுசெய்கிறார்கள். மூன்றாம் பருவம் ஒன்றே போதும். நடிகர் சரவணன், கல்லூரிக் காலத்தில் பெண்களை உரசுவதற்காகவே பஸ்ஸில் போனதாகச் சொன்னார். அரங்கத்தில் இருந்தவர்கள் கைதட்டினார்கள். அது வெட்டப்படாமல் ஒளிபரப்பானது. வெளியே எதிர்ப்புக் கிளம்பிய பிறகுதான், ஓகஸ்டில், அவர் அந்தக் காரணத்துக்காக வெளியேற்றப்பட்டார். அதே மாதம் நடிகை மதுமிதா, தன்னைக் காயப்படுத்திக்கொண்டு விதியை மீறியதாக வெளியேற்றப்பட்டு, கையில் கட்டுடன் மேடைக்கு வந்தார். காயத்தைக் காட்டாதது சரியே. ஆனால் ஒரு மனுஷியை அந்த நிலைக்குக் கொண்டுபோன பேச்சுவார்த்தையும் முழுதாகக் காட்டப்படவில்லை. எல்லாவற்றையும் பார்ப்பதாகச் சொல்லும் கண், தனக்கு வசதியில்லாத இடத்தில் இமையை மூடிக்கொள்கிறது.

முதல் பருவத்தில் ஜூலி பொய் சொல்கிறார் என்று நிரூபிப்பதற்காக ஒரு துண்டுப் படத்தை ஓடவிட்டு, அதற்குக் 'குறும்படம்' என்று பெயர் வைத்தார்கள். எங்களில் எத்தனையோ இளைஞர்கள் சம்பளக் காசில் கமரா வாடகைக்கு எடுத்து, பாரிஸ் புறநகர் மண்டபங்களில் முப்பது பேருக்குப் போட்டுக்காட்டிய கலைவடிவத்தின் பெயர் அது. இன்று லா சப்பலில் 'குறும்படம் போட்டுக்காட்டட்டோ?' என்று ஒருவர் கேட்டால், உன் களவைப் பிடிக்கட்டுமா என்று அர்த்தம். ஒரு சொல்லை இவ்வளவு விரைவாகப் பறிகொடுத்ததில் எனக்குக் கவலையுண்டு. ஆனால் அந்தப் பெயர்சூட்டல் தற்செயலானதல்ல. வெட்டி ஒட்டியதைச் சாட்சியம் என்று அழைப்பதற்குத்தான் அந்தச் சொல் தேவைப்பட்டது.

இனி, எங்களோடு நேரடியாகச் சம்பந்தப்பட்ட விடயத்துக்கு வருகிறேன்.

மூன்றாம் பருவத்தில் இலங்கையிலிருந்து சக்தி தொலைக்காட்சிச் செய்தி வாசிப்பாளர் லொஸ்லியா கலந்துகொண்டார். தர்ஷனும் இலங்கையர்தான். ஆனால் எங்கள் சமூகம் 'எங்கட பிள்ளை' என்று தத்தெடுத்தது லொஸ்லியாவைத்தான். அவரது தந்தை கனடாவில். பத்து வருடங்களாக மகளும் தந்தையும் நேரில் காணவில்லை. இயக்குநர் சேரன் அதே வீட்டில் இருந்தார். லொஸ்லியா அவரை அப்பா என்று அழைத்தார். ஒரு தகப்பனின் தியாகத்தை 'தவமாய் தவமிருந்து' என்று 2005இல் படமாக எடுத்தவர், பிரிந்திருந்த ஒரு தகப்பனின் வெற்றிடத்தை நிரப்பும் பாத்திரத்தில் அமர்த்தப்பட்டார். யாரும் எழுதாத திரைக்கதைதான். ஆனால் அது விளைவதற்குப் போதுமான ஆட்களை யாரோ தெரிவுசெய்து ஒரு கூரையின் கீழ் அடைத்திருந்தார்கள்.

பிறகு, 2019 செப்ரெம்பரில், குடும்பத்தினர் உள்ளே வரும் வாரம் வந்தது. விதி என்னவென்றால், 'ஃப்ரீஸ்' என்று குரல் கேட்டால் வீட்டிலிருப்போர் சிலைபோல உறையவேண்டும். உறவினர் கதவைத் திறந்து வருவார், கண்முன் நிற்பார். 'றிலீஸ்' என்று குரல் சொல்லும்வரை கட்டிப்பிடிக்க முடியாது. தாயும் சகோதரிகளும் வந்தார்கள். தந்தையும் வந்தார்.

அன்றிரவு எங்களில் அழாதவர்கள் குறைவு. அழுததில் வெட்கப்பட எதுவுமில்லை. என் தாயாரின் செத்தவீட்டை நான் தொலைபேசித் திரையில் நேரலையாகப் பார்த்தவன். கமராக்காரப் பொடியன், தன் தொழில் பழக்கத்தில், பெண்கள் ஒப்பாரி வைக்கும் முகங்களைக் கிட்டக் கிட்டப் பிடித்துக்கொண்டிருந்தான். அம்மாவின் முகத்தைக் காட்டச் சொல்லி இங்கிருந்து எனக்குச் சொல்ல வழியில்லை. இப்படித் திரை வழியாக வாழ்ந்தவர்களுக்கு, திரைக்குள்ளேயே ஒரு தகப்பன் கதவைத் திறந்து வருவது என்னவாக இருக்கும் என்று நான் விளக்கத் தேவையில்லை. அந்தப் பத்து வருடப் பிரிவை உண்டாக்கியது தொலைக்காட்சி அல்ல. ஆனால் அதை ஒரு வைப்புப் பணம்போலக் கண்டுகொண்டு, எண்பது நாட்களுக்கு மேல் வைத்திருந்து, விளம்பரங்களுக்கு நடுவே செலவழித்தது அதுதான்.

அழுது முடிவதற்குள் இரண்டாம் பகுதி தொடங்கியது. தந்தை மகளைக் கண்டித்தார். அதே வீட்டிலிருந்த கவினுடன் அவளுக்கிருந்த நெருக்கம் பற்றியது கண்டிப்பு. தான் வளர்த்தது இப்படியல்ல, பார்ப்பவர்கள் என்ன சொல்வார்கள் என்ற பொருள்படப் பேசினார். அந்த மனிதரைக் குற்றஞ்சாட்டுவது என் நோக்கமல்ல. அவர் 2020 நவம்பரில் கனடாவில் காலமானார். தூரதேசத்தில், மகளின் ஒவ்வொரு நாளையும் வேறொருவர் வெட்டித் தந்த துண்டுகளாகப் பார்த்துக்கொண்டிருந்த தகப்பனுக்கு வேறென்ன தெரிந்திருக்க முடியும்? நான் கேட்பது பார்த்துக்கொண்டிருந்த எங்களைப் பற்றி. 'நல்ல தகப்பன்', 'தமிழ்த் தகப்பன்' என்று லா சப்பலில் தேநீர்க் கடைகளில் மெச்சினோம். இருபத்துமூன்று வயதான, தொழில் செய்து குடும்பத்தைப் பார்த்த ஒரு பெண், தன் தகப்பனிடம் தனியே நின்று ஒரு வார்த்தை பதில் சொல்வதற்கு ஐந்து நிமிடம் இல்லாமல் நின்றாள் என்பது எங்கள் பேச்சில் வரவேயில்லை. அவளது கழுத்திலோ ஒலிவாங்கி.

இந்த இடத்தில் 60 வருடங்களுக்கு முந்திய ஒரு பாரிஸ் படத்தை நினைக்காமல் இருக்க முடியவில்லை. ஜோன் ரூஷும் எட்கார் மொறனும் 1960 கோடையில் எடுத்து 1961இல் வெளிவந்த 'குரோனிக் டன் எத்தே'. சாதாரண மனிதரின் அன்றாடத்தைக் கமராவோடு கூடவே போய்ப் பார்ப்பது என்ற யோசனை அதிலும் உண்டு. ஆன்ஜெலோ என்ற றெனோ தொழிலாளி காலையில் எழும்புவது, தொழிற்சாலைக்குப் போவது, வீடு திரும்புவது எல்லாம் அதில் வரும். ஆனால் நான் சொல்லவந்தது மார்செலின் லோரிடானின் காட்சியை. பிர்கெனவ் வதைமுகாமிலிருந்து மீண்டவர் அவர். கூடவே பிடித்துக்கொண்டு போகப்பட்ட தந்தை திரும்பவில்லை. படத்தில் அவர் கொன்கோர்ட் சதுக்கத்தில், பிறகு லே ஹால் சந்தைக் கூரையின் கீழ், தனியே நடந்தபடி திரும்பி வராத தந்தையோடு பேசுகிறார். ஒலிப்பதிவுக் கருவி அவரது தோளிலேயே தொங்குகிறது. அதற்குள் பேசுவது அவர். எப்போது பேசுவது, எப்போது நிறுத்துவது என்பதும் அவர். கமரா ஒரு காருக்குள் இருந்தபடி அவரைவிட்டு விலகிப் போகிறது. அவர் சிறிதாகிக்கொண்டே வருகிறார், குரல் மட்டும் கிட்டத்தில் கேட்கிறது.

இரண்டும் தகப்பனும் மகளும் பற்றிய காட்சிகள்தான். ஒன்றில் தகப்பன் வரவேயில்லை, மற்றதில் வந்தார். வராத தகப்பனோடு மார்செலின் பேசி முடித்த அளவுக்கு, வந்த தகப்பனோடு லொஸ்லியாவால் பேச முடியவில்லை.

ரூஷையும் மொறனையும் நான் புனிதர்களாக்கவில்லை. அவர்களும் சுமார் 25 மணி நேரத்தை ஒன்றரை மணியாக வெட்டினவர்கள்தான், தங்கள் விருப்பப்படிதான். ஆனால் படத்தின் முடிவில், பங்குபற்றியவர்களைக் கூட்டி, எடுத்ததைப் போட்டுக்காட்டி, இது உண்மையா என்று கேட்கிறார்கள். சிலர் பொய் என்கிறார்கள். சிலர் வெட்கமில்லாத அளவுக்கு உண்மை என்கிறார்கள். அந்தச் சண்டையும் படத்தில் இருக்கிறது. பின்னர் இரண்டு இயக்குநர்களும் மனிதன் அருங்காட்சியகத்தின் மண்டபத்தில் மேலும் கீழும் நடந்து, தாங்கள் தோற்றோமா என்று தங்களையே கமராவின் முன் விசாரிக்கிறார்கள். பிக்பாஸிலும் கமல்ஹாசன் சனி ஞாயிறுகளில் விசாரித்தார், பல நேரங்களில் கெட்டித்தனமாகவே. விசாரிக்கப்பட்டவர்கள் வீட்டுக்குள் இருந்தவர்கள். படத்தொகுப்பு மேசையில் இருந்தவர்களை ஒருபோதும் அந்த மேடைக்கு அழைக்கவில்லை.

இதையெல்லாம் சொல்லி, கெட்டது எல்லாம் நெதர்லாந்திலும் பனிஜேயிலும் இருந்து வந்தது, எங்கள் கை சுத்தம் என்று முடித்துவிட்டால் சௌகரியமாக இருக்கும். அப்படி முடிக்க முடியாது. இடைவிடாத கண் எங்களுக்குப் புதிதல்ல. யாழ்ப்பாணத்து வேலி களவைத் தடுக்க மட்டும் அடைக்கப்பட்டதல்ல. வேலிப் பொட்டுக்குள்ளால் யாரைப் பார்க்கலாம், யாரைப் பார்க்கக் கூடாது என்பதற்கான ஏற்பாடும் அதுதான். ஒழுங்கையில் ஒரு பெட்டை சைக்கிளில் எத்தனை மணிக்குப் போனாள், எத்தனை மணிக்கு வந்தாள் என்பது முப்பது கமரா இல்லாமலே பதிவானது. அந்த வேலியை நாங்கள் விமானத்தில் கொண்டுவந்தோம். லா சப்பல் மெற்றோப் படியில் ஒரு பிள்ளை தன்னோடு படிக்கும் பொடியனுடன் நின்று கதைத்தால், அவள் சார்செல்லுக்குப் போய்ச் சேருமுன் செய்தி போய்ச் சேர்ந்துவிடும். முன்பு வாய்வழி போனது, இப்போது படத்தோடு போகிறது. அந்தச் செய்தியிலும் அவள் சொன்ன பதில் வெட்டப்பட்டுத்தான் இருக்கும். லொஸ்லியாவை நூறு நாட்கள் பார்த்துக்கொண்டிருந்தபோது நாங்கள் ஒரு புதிய நிகழ்ச்சியைப் பார்க்கவில்லை, பழைய வேலிக்குப் பெரிய பொட்டு ஒன்று கிடைத்தது, அவ்வளவுதான். நிகழ்ச்சித் தயாரிப்பாளர்களுக்கு எங்கள் ஊர்க்கண் தெரிந்திருக்கவில்லை. ஆனால் அது இலவசமாக அவர்களுக்கு வேலை செய்தது. வாக்களித்தோம், கண்டித்தோம், துண்டு துண்டாக வெட்டி அனுப்பினோம்.

பருவம் 2019 ஒக்ரோபர் 6இல் முடிந்தது. மலேசியாவைச் சேர்ந்த முகேன் வென்றார், லொஸ்லியா மூன்றாம் இடம். பிறகு அவர் படங்களில் நடித்தார். அந்தச் சந்திப்பின் நிமிடங்கள் இன்றும் தொலைபேசிகளில் சுற்றுகின்றன, யார் யாரோ சேர்த்த சோக இசையோடு. ஒரு குடும்பத்துக்கு அதைப்போன்ற ஒளிப்பதிவு வேறு இருக்குமோ இல்லையோ, இது அவர்களுடையதல்ல. ஒளிபரப்பிய நிறுவனத்துக்குச் சொந்தமானது.

இதழின் இளைய வாசகிகளிடம் ஒன்று. இந்தக் கட்டுரையில் லொஸ்லியாவைப் பற்றிப் பேசியிருப்பவர், அவரது தகப்பனின் தலைமுறையைச் சேர்ந்த ஓர் ஆண். நீங்கள் அதே காட்சியைச் சார்செல்லிலும் லா கூர்நவ்விலும் உங்கள் தகப்பன்மாருக்குப் பக்கத்தில் சோபாவில் இருந்து பார்த்திருப்பீர்கள். அப்போது அறையில் யார் யாரைப் பார்த்தார்கள் என்பதை எழுதுங்கள். பிரெஞ்சில் எழுதினாலும் மொழிபெயர்த்துத் தர நான் இருக்கிறேன். இரவு வேலை முடிந்து பகலில் நேரமிருக்கிறது.